நாலு கோட்டுக்கு ஐந்து கோடு

எனக்குக் கால் ஆட்டும் பழக்கம் உண்டு. உட்கார்ந்தால் வலது முழங்கால் தானாகத் துள்ளத் தொடங்கிவிடும். "இன்னாடி, காலு ஆட்டிகினே கீற? மடியில தூளி கட்டியா கீது?" என்று அம்மா தொடையில் ஒன்று வைப்பாள். வேலைக்குப் போன பிறகு இதை மேசைக்கு அடியில் மறைத்துவிடலாம் என்று நினைத்தேன். முடியவில்லை. என் வேலை மைக்ராஸ்கோப்பில். முழங்கால் மேசையில் பட்டால் கண்ணாடித் தட்டில் இருக்கும் உயிர்களெல்லாம் நடுங்கும்.

எங்கள் ஆய்வகம் திருவொற்றியூரில், துறைமுகத்துக்குப் போகும் கன்டெய்னர் லாரிகள் வரிசைகட்டி நிற்கும் சாலையை ஒட்டி, ஒரு முதல் மாடியில் இருக்கிறது. கீழே பஞ்சர் கடை. லாரி வரிசை நகர்ந்தால் கட்டடமே லேசாக உதறும். அந்தக் கடையிலேயே பழைய டியூப் வாங்கி, துண்டு துண்டாக வெட்டி, மைக்ராஸ்கோப்புகளுக்கு அடியில் வைத்திருக்கிறோம். அப்படியும் பாரம் ஏற்றிய லாரி ஒன்று கியர் மாற்றினால், கண்ணை எடுக்காமல் மூச்சைப் பிடித்துக்கொண்டு, அது போய்த் தொலையும்வரை காத்திருக்க வேண்டும். காத்திருப்பது எனக்கு வராத காரியம்.

நான் பார்ப்பது கப்பல் தண்ணீர். சரக்கை இறக்கிவிட்டு வெறும் வயிற்றோடு போகும் கப்பல் கடலில் தள்ளாடும். அதனால் அடித்தொட்டிகளில் அந்தத் துறைமுகத்துக் கடல்நீரையே நிரப்பிக்கொள்ளும். அடுத்த ஊரில் சரக்கு ஏற்றும்போது அதைக் கொட்டும். தண்ணீரோடு எங்கோ இருக்கிற கடலின் உயிர்களும் நம் எண்ணூரில் வந்து இறங்கும். அவை இங்கே பெருகிவிட்டால் இங்கிருப்பவை காலி. அதனால் கொட்டுவதற்கு முன் கப்பலே அதைச் சுத்தம் செய்ய வேண்டும் என்பது விதி. சுத்தமானதா என்று பார்ப்பவர்கள் நாங்கள். ஐம்பது மைக்ரானும் அதற்கு மேலும் அகலமுள்ள உயிர்களுக்கு ஒரு கணக்கு, சிறியவற்றுக்கு வேறு கணக்கு. பெரியவை உயிரோடு விரல்விட்டு எண்ணுகிற அளவுக்கு மேல் இருக்கக் கூடாது. மைக்ரான் என்றால் ஒரு மில்லிமீட்டரை ஆயிரம் பங்காக்கியதில் ஒரு பங்கு. ஆக, நெளிந்துகொண்டிருக்கும் ஒரு புள்ளியின் அகலம் ஐம்பதுக்கு இந்தப் பக்கமா அந்தப் பக்கமா என்பதில் ஒரு கப்பலின் கதி இருக்கிறது.

எண்ணுவது நான், அளப்பது நான், எழுதுவது நான். அறிக்கையில் கையெழுத்துப் போடுவது மட்டும் மேனேஜர் சார். ஆய்வகத்துக்கு அங்கீகாரம் தரும் இடத்திலிருந்து ஆடிட்டர் வருவார். அவர் கண்முன் வேலை செய்துகாட்டி, அவருக்கு அது சரி என்று பட்டால்தான் அடுத்தவருக்குக் கையெழுத்து உரிமை. போன ஆயுத பூஜைக்கு அடுத்த வாரம் அப்படி ஒரு ஆடிட் இருந்தது. சார் என் பெயரைக் கொடுத்திருந்தார்.

எங்கள் வீட்டில் கையெழுத்து என்பது சின்ன விஷயம் இல்லை. நைனா துறைமுகத்தில் கன்டெய்னர்களைக் கப்பலோடு இறுக்கிக் கட்டும் வேலை செய்கிறார். கேட் பாஸுக்காகத் தன் பெயரை மட்டும் பழகிக்கொண்டார். அவர் எழுதமாட்டார், வரைவார். கடைசி எழுத்துக்கு மேலே புள்ளியை வைத்துவிட்டு, பாரம் இறக்கியவர்போலப் பேனாவைத் திருப்பித் தருவார். அம்மா காசிமேட்டில் இறால் உரிக்கிறாள். அவள் கைநாட்டு. அதிலும் இப்போது சிக்கல். உரித்து உரித்து விரல்நுனியில் ரேகை தேய்ந்துவிட்டது. ரேஷன் கடை மெஷின் அவள் விரலை ஏற்றுக்கொள்வதில்லை.

"யக்கா, நல்லா தொடைச்சிட்டு வையி" என்பார் கடைக்காரர்.

"இன்னும் எத்தினி வாட்டி தொடைக்கிறது? இறாலக்கூட நா இத்தினி வாட்டி கழுவுல."

பத்து விரலும் தோற்ற பிறகு நான் என் கட்டைவிரலை வைப்பேன். பச்சை விளக்கு எரியும். "பாத்தியா, எம்.எஸ்ஸி படிச்சவளும் கைநாட்டுதான் வெக்கிறா" என்று அம்மா வியாசர்பாடிக்கே கேட்கும்படி சொல்வாள். வரிசை சிரிக்கும். நானும் சிரித்துவைப்பேன். எங்கள் வீட்டில் முதன்முதலாகப் பள்ளிக்கூடம் போனவள் நான். விலங்கியலில் முதுகலை முடித்தவள், எங்கள் ஹவுசிங் போர்டு பிளாக்கிலேயே நான் ஒருத்திதான். இதைச் சொல்லும்போது என் குரல் ஒரு சுருதி ஏறுகிறது என்று ஆய்வகத்தில் கெமிஸ்ட்ரி பார்க்கும் அக்கா கேலி செய்வார். ஏறட்டும்.

ஆடிட் அன்று காலை ஷேர் ஆட்டோ தண்டையார்பேட்டையில் நின்றுவிட்டது. முன்னால் லாரி, பின்னால் லாரி. மணலிப் பக்கத்திலிருந்து கேஸ் வாடை. என் கால் துள்ளி எதிரே இருந்த அம்மாளின் கீரைக்கட்டை இடித்துக்கொண்டே இருந்தது. "இறங்கி நடந்துரு கண்ணு, என் கீரையாவது பொழைக்கும்" என்றார் அவர். இறங்கி நடந்தேன். நடக்கும்போது காலுக்கு ஒரு வேலை கிடைத்தது. மனதுக்குக் கிடைக்கவில்லை.

ஆடிட்டர் ஐம்பது வயதைத் தாண்டிய ஒரு மேடம். பருத்திப் புடவை, காலில் கேன்வாஸ் ஷூ, தென்மாவட்டப் பேச்சு. மத்தியானத்துக்கு முன்பே என் மேசைக்கு வந்துவிட்டார். "அளவு சரிபார்த்துக் காட்டுங்க. நான் குறுக்கே பேச மாட்டேன்" என்று ஸ்டூலை இழுத்துப்போட்டு உட்கார்ந்தார். சார் எனக்குப் பின்னால் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

இந்த அளவு சரிபார்ப்பைச் சொல்லிவிடுகிறேன். கண் வைத்துப் பார்க்கும் குழலுக்கு ஐபீஸ் என்று பெயர். அதற்குள் ஒரு சிறிய வட்டக் கண்ணாடி இருக்கும். அதில் ஒரு அளவுகோல், நூறு பிரிவுகள். எதைப் பார்த்தாலும் அதன் மேல் இந்தக் கோடுகள் மிதக்கும். ஆனால் அந்தக் கோடுகளுக்கு என்று சொந்த மதிப்பு எதுவும் கிடையாது. ஒரு பிரிவு எத்தனை மைக்ரான் என்று அதற்கே தெரியாது. கீழே இன்னொரு கண்ணாடித் தட்டை வைத்து ஒப்பிட வேண்டும். அந்தத் தட்டில் ஒரு மில்லிமீட்டரை நூறாகப் பிரித்துக் கீறியிருப்பார்கள், ஒரு பிரிவு பத்து மைக்ரான். இரண்டு பூஜ்யக் கோடுகளையும் ஒன்றின் மேல் ஒன்றாக நிறுத்தி, மறுபடி எங்கே கோடும் கோடும் ஒன்றுசேர்கின்றன என்று பார்த்தால் கணக்கு வந்துவிடும்.

என் மைக்ராஸ்கோப்பில் கணக்கே தேவைப்பட்டதில்லை. மேல் கோடும் கீழ்க் கோடும் முதலிலிருந்து கடைசிவரை ஒட்டிக்கொண்டே போகும். ஒரு பிரிவுக்குப் பத்து மைக்ரான். எத்தனை பிரிவு என்று பார், பக்கத்தில் ஒரு சைபர் போடு. இந்த வசதிதான் எங்களைக் கெடுத்தது.

தட்டை வைத்தேன். பூஜ்யத்தைப் பூஜ்யத்தின் மேல் நிறுத்தினேன். அடுத்த கோடு உட்காரவில்லை.

லாரி போகிறது என்று நினைத்தேன். காத்திருந்தேன். சாலை அமைதியானது. அப்போதும் உட்காரவில்லை. கீழ் லென்ஸைப் பார்த்தேன், எப்போதும் அளக்கும் பத்து மடங்கு லென்ஸ்தான். தட்டை எடுத்துத் துடைத்து மறுபடி வைத்தேன். மேசையில் கால் படுகிறதா என்று பார்த்து இரண்டு பாதங்களையும் தரையில் அழுத்திக்கொண்டேன். பிறகு அவசரப்படாமல் ஒவ்வொரு கோடாகப் போனேன். மேலே நான்காவது கோடு, கீழே ஐந்தாவது கோட்டின் மேல் கச்சிதமாக நின்றது. எட்டாவது, பத்தாவதன் மேல். பன்னிரண்டாவது, பதினைந்தாவதன் மேல். கோடுகள் குழம்பவில்லை. வேறொரு ஒழுங்கில் போய்க்கொண்டிருந்தன. மேலே நாலுக்குக் கீழே ஐந்து என்றால், ஒரு பிரிவு பன்னிரண்டரை மைக்ரான்.

கண்ணை எடுத்தேன். ஐபீஸின் விளிம்புப் பள்ளத்தில் கொஞ்சம் குங்குமம் காய்ந்து ஒட்டியிருந்தது.

சார் பக்திமான். வருடம் முழுவதும் நடைமுறை, நடைமுறை என்று உயிரை வாங்குவார். ஆயுத பூஜை அன்று மட்டும் வேட்டியோடு வந்து தானே எல்லாக் கருவிகளையும் துடைப்பார். தராசுக்குப் பொட்டு, குளிர்பெட்டிக்குப் பொட்டு, பிரின்டருக்கும் பொட்டு. எங்களிடம் இரண்டு மைக்ராஸ்கோப்புகள். ஒன்றில் நான் அளக்கிறேன். இன்னொன்று முன்பு அளக்கப் பயன்பட்டு, இப்போது பயிற்சிக்கு வரும் மாணவிகளுக்காக மூலையில் இருப்பது. இரண்டிலிருந்தும் ஐபீஸ்களைக் கழற்றி, "பாக்கறது இதுதானேம்மா, இதுக்குத்தான் முதல் பொட்டு" என்று வாழையிலையில் பொரிக்கும் கடலைக்கும் பக்கத்தில் வரிசையாக வைத்தார். எல்லாம் கறுப்பு, எல்லாவற்றிலும் 10X என்றே எழுதியிருக்கும். தீபாராதனை முடிந்து, கீழே பஞ்சர் கடைக்காரரோடு போட்டிபோட்டுப் பூசணிக்காய் உடைத்துவிட்டு, மேலே வந்து அவரே எல்லாவற்றையும் துடைத்து மாட்டினார். எதை எதில் என்று அவருக்கும் தெரியாது, பொரி தின்றுகொண்டிருந்த எங்களுக்கும் தெரியாது. மூலையில் இருந்த மைக்ராஸ்கோப்பின் பழைய ஐபீஸ் அமைப்பே வேறு, அதன் கோடுகளுக்குக் கணக்கும் வேறு.

அந்தப் பூஜைக்குப் பிறகு இரண்டு கப்பல்களின் தண்ணீரை நான் இதே கோடுகளால் அளந்திருந்தேன். சைபர் போட்டிருந்தேன். சார் கையெழுத்துப் போட்டிருந்தார்.

அக்கா டீ கொண்டுவந்து வைக்கிற சாக்கில் குனிந்தார். "இன்னா ஆச்சு? மூஞ்சி பேஜாரா கீது?"

"கோடு ஒக்காரலக்கா."

"பத்துன்னு எழுதிட்டு எந்திரி. அந்தம்மா போவட்டும், அப்பால பாத்துக்கலாம்."

அக்கா கெட்டவர் இல்லை. அந்த நேரத்தில் எனக்கு நல்லது நினைத்தது அவர் ஒருவர்தான். மைக்ராஸ்கோப்பில் ஒரு சமயத்தில் ஒருவர்தான் பார்க்க முடியும். நான் பார்ப்பது ஸ்டூலில் இருக்கும் மேடத்துக்குத் தெரியாது, பின்னால் நிற்கும் சாருக்கும் தெரியாது. பதிவுகளில் இருப்பதும் பத்து, எல்லாரும் எதிர்பார்ப்பதும் பத்து. நான் பத்து என்றால் அடுத்த வாரம் என் பெயர் பட்டியலில் இருக்கும். நேர்மையால் நான் அதைச் சொல்லவில்லை என்று எழுத ஆசைதான். என்னைத் தடுத்தது கர்வம். இத்தனை பாடுபட்டு வாங்கும் கையெழுத்து, தப்பான ஓர் எண்ணுக்குக் கீழே போய் உட்காருவதை என்னால் பொறுக்க முடியவில்லை.

"மேடம், பன்னிரண்டரை வருது" என்றேன்.

சார் ஓரடி முன்னால் வந்தார். "ஏம்மா, பதட்டப்படாம திரும்பப் பாரு. பத்துதான் வரும்."

திரும்பப் பார்த்தேன். "பன்னிரண்டரைதான் சார்."

மேடம் எழுந்து, மூக்குக் கண்ணாடியைக் கழற்றிவிட்டுக் குனிந்தார். அந்த நேரம் பார்த்து ஒரு லாரி. அவரும் மூச்சைப் பிடித்துக் காத்திருந்ததைப் பார்த்தேன். நிமிர்ந்து, "பழைய பதிவெல்லாம் பத்துன்னு இருக்கே" என்றார்.

"ஐபீஸ் மாறியிருக்கு மேடம். மூலையில இருக்கிறதோடது இதுல வந்துருச்சு."

"எப்போ மாத்தினீங்க?"

நான் சாரைப் பார்க்கவில்லை. அவரே சொன்னார். "போன வாரம்... எல்லாத்தையும் கழற்றிச் சுத்தம் பண்ணினோம் மேடம்."

மேடம் விளிம்பில் இருந்த குங்குமத்தை நகத்தால் சுரண்டிப் பார்த்தார். "சுத்தம் பண்ணினீங்களா, பூஜை பண்ணினீங்களா?"

"ரெண்டும்தான் மேடம்."

பின்னால் அக்காவுக்குப் புரையேறியது.

"அதுக்கப்புறம் எத்தனை ரிப்போர்ட் போயிருக்கு?" என்று மேடம் கேட்டார். கேள்வி சாருக்கானது, ஆனால் பார்வை என்மேல் இருந்தது. "ரெண்டு" என்றேன். எழுதிக்கொண்டார். சபாஷும் இல்லை, கண்டிப்பும் இல்லை. சாயங்காலம் ஷூ நாடாவை இறுக்கிக்கொண்டு படியிறங்கிப் போய்விட்டார்.

அவர் போனதும் சார் திட்டுவார் என்று காத்திருந்தேன். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். "அந்தம்மா போனப்புறம் என்கிட்ட சொல்லியிருக்கலாமேம்மா" என்று மட்டும் சொன்னார். கொஞ்சம் கழித்து, தனக்குத்தானே, "கடை நாள்லேர்ந்து பண்ற பூஜை" என்றார். இந்த ஆய்வகம் தொடங்குவதற்கு முன் அவர் அப்பாவுக்கு எடைக்கல் கடை இருந்ததாம். அது எனக்கு அன்றுதான் தெரியும்.

உட்கார்ந்து இரண்டு கப்பல்களையும் திரும்பக் கணக்குப் போட்டோம். அளவெடுக்கும்போது பிரிவுகளாகவே குறித்திருந்தது நல்லதாகப் போயிற்று. முன்பு ஐந்து பிரிவு இருந்தால்தான் ஐம்பது மைக்ரான். இந்த ஐபீஸில் நான்கே ஐம்பது. நாலுக்கும் ஐந்துக்கும் நடுவில் இருந்தவையெல்லாம் சின்னவை வரிசையிலிருந்து பெரியவை வரிசைக்கு வந்தாக வேண்டும். முதல் கப்பலில் அப்படி அதிகம் இல்லை, முடிவு மாறவில்லை. இரண்டாவதில் மணி வடிவத்தில் ஓர் உயிர் நிறைய இருந்தது, வாயில் மயிர்போல இழைகள் துடிக்க, தட்டில் சுழன்று சுழன்று ஓடும். எனக்கு அது நினைவிருந்தது. ஓடுவதை அளப்பது சிரமம் என்று அன்று எரிச்சல்பட்டிருந்தேன். அவை பெரியவை வரிசைக்கு வந்ததும் கணக்கு எல்லையைத் தாண்டிவிட்டது.

அந்தக் கப்பல் எண்ணூரில் தண்ணீரைக் கொட்டிவிட்டு, சரக்கு ஏற்றிக்கொண்டு போயே போய்விட்டிருந்தது.

சார் கதவைச் சாத்தாமல்தான் கப்பல் ஏஜென்டுக்குப் போன் செய்தார். "ஆமா... இல்ல, நாங்க கொடுத்த ரிப்போர்ட்தான் தப்பு... புரியுது சார், திட்டுங்க... திருத்தி அனுப்பறேன், துறைமுகத்துக்கும் அனுப்பறேன்." அந்தப் பக்கத்துக் குரல் என் மேசைவரை கேட்டது. சார் போனைக் காதிலிருந்து கொஞ்சம் தள்ளிப் பிடித்துக்கொண்டார், ஆனால் வைக்கவில்லை. அவர்மேல் இருந்த கோபத்தில் பாதியை அப்போது எங்கே வைப்பது என்று தெரியாமல் போயிற்று.

வீட்டில் சொன்னபோது நைனா சோற்றில் கை வைத்தபடி கேட்டார். "தண்ணிய கொட்டிட்டு பூட்ச்சா? அப்பால இன்னா பண்றது, இஸ்த்துகினு வர முடியுமா?"

"முடியாது நைனா."

"அப்ப வுடு."

"எப்பிடி வுடறது?"

அம்மாவுக்கு அந்தக் கவலையெல்லாம் இல்லை. எலுமிச்சைத் தோலால் விரல்களைத் தேய்த்துக்கொண்டிருந்தாள், இறால் வாடை போக. "அப்ப கையெழுத்து?" என்றாள்.

"இப்ப இல்லம்மா. எல்லாம் சரிபண்ணி அனுப்பணும். அப்பால திரும்ப வந்து பாப்பாங்க."

அம்மா விரல்களை முகர்ந்து பார்த்தாள். "ரேஷன் மெஷினு என் வெரல ஒத்துக்கல. உன் ஆபீசு உன் கையெழுத்த ஒத்துக்கல. நல்ல குடும்பம்டி இது."

நைனா சிரித்து, புரையேறி, தண்ணீர் குடித்தார். என் கால் ஆடிக்கொண்டிருந்தது. அன்று யாரும் தொடையில் அடிக்கவில்லை.

ஆடிட்டின் முடிவு ஒரு படிவமாக வந்தது. குறை என்ன, காரணம் என்ன, இனி நேராமல் இருக்க என்ன செய்வீர்கள் என்று கட்டங்கள். நான் நிரப்ப, சார் பக்கத்தில் உட்கார்ந்தார். காரணம் என்ற கட்டத்தில் பேனா நின்றது.

"ஆயுத பூஜைன்னு போடாதம்மா. நல்லாவா இருக்கும்? வழக்கமான துப்புரவின்போதுன்னு போடு."

"வாராவாரம் துப்புரவு பண்றோம் சார். அப்போல்லாம் ஐபீஸைக் கழற்றுறதில்லையே."

அவர் மின்விசிறியைப் பார்த்தார். சுவரிலிருந்த சரஸ்வதி படத்தைப் பார்த்தார். "பண்டிகைத் துப்புரவு" என்றார். அது உண்மைக்கு வெளியே போகவில்லை என்பதால் எழுதினேன். இனி என்ன செய்வோம் என்ற கட்டத்தில், ஐபீஸைக் கழற்றினால் மறுபடி அளந்து பார்க்காமல் அந்த மைக்ராஸ்கோப்பைத் தொடுவதில்லை என்று எழுதினேன். பொட்டு மைக்ராஸ்கோப்பின் உடம்பில் வைக்கலாம், கண்ணில் வைக்கக் கூடாது என்பதை வாய்வார்த்தையாக முடித்துக்கொண்டோம்.

அடியில், குறையைக் கண்டறிந்தவர் கையொப்பம் என்று ஒரு கோடு இருந்தது. நான் படிவத்தை அவர் பக்கம் நகர்த்தினேன். அவர் திருப்பி நகர்த்தினார்.

"நீதானே கண்டுபிடிச்ச. போடு."

கீழே லாரி வரிசை நகர்ந்துகொண்டிருந்தது, மேசை அதிர்ந்தது. பழக்கத்தில், அது நிற்கட்டும் என்று பேனாவைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தேன். நின்றதும் தமிழில் முழுப் பெயரையும் போட்டேன். கடைசி எழுத்தின் மேல் நைனாவைப்போலவே புள்ளியை அழுத்தி வைத்திருக்கிறேன் என்பதைப் பிறகுதான் கவனித்தேன். மை கொஞ்சம் பரவியிருந்தது. நானூறு மைக்ரானுக்குக் குறையாது.

அறிக்கையில் கையெழுத்துப் போடும் உரிமை இன்னும் வரவில்லை. மறுபடி பார்க்க எப்போது வருவார்கள் என்று கேட்டால், வருவோம் என்கிறார்கள். மாதத்துக்கு ஒருமுறை செய்ய வேண்டிய சரிபார்ப்பை நான் தினமும் காலையில் செய்கிறேன். வீண்வேலை என்கிறார் அக்கா. இருக்கலாம். பழைய ஐபீஸ் மூலைக்குப் போய், என்னுடையது எனக்குத் திரும்பிவிட்டது. கோடும் கோடும் இப்போது ஒட்டிக்கொண்டே போகின்றன. கடைசிவரை போய்ப் பார்க்காமல் கண்ணை எடுக்க முடிவதில்லை. நடுவில் எங்கோ லாரி வருகிறது. பாதங்களைத் தரையில் அழுத்திக்கொள்கிறேன்.